மலையேறியவர்களின் கதை
(தென்காசியில் ஆவணப்படம் திரையிடும் முன் ஆற்றிய உரை)



குற்றாலத்தில் சாரல் விழுகிற நேரத்தில் உங்களைப் படம் பார்க்கக் கூப்பிட்டிருக்கிறோம். கதாநாயகனும் கதாநாயகியும் இதில் கிடையாது. திருநெல்வேலியில் காஞ்சனை திரைப்பட இயக்கத்தை நடத்திய ஆர்.ஆர்.சீனிவாசன் எடுத்த 'நதியின் மரணம்' இது. இதில் வருகிற ஜனங்கள் யார், மலைக்கு எப்படிப் போனார்கள் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

1929-ல் சிங்கம்பட்டி ஜமீன் தன் காட்டில் 8,373 ஏக்கரை பம்பாய் பர்மா கம்பெனிக்கு 99 வருஷக் குத்தகைக்கு விட்டது. காடு கிடைத்தது, வெட்ட ஆள் வேண்டுமே! கங்காணிகள் அடிவாரத்துக் கிராமங்களுக்கு இறங்கி வந்தார்கள். பண்ணையார் வயலில் தலைமுறை தலைமுறையாக உழைத்தும் ஒரு சென்ட் நிலம் இல்லாதவர்கள், பெரும்பாலும் தாழ்த்தப்பட்டவர்கள், மூட்டை கட்டினார்கள். கேரளத்திலிருந்தும் வந்தார்கள். அட்டைக்கடியிலும் குளிரிலும் காட்டைத் திருத்தினார்கள். மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என்று தோட்டங்கள் எழுந்தன. லயன் வீட்டிலேயே பிள்ளை பெற்றார்கள், அந்த மண்ணிலேயே புதைந்தார்கள். இலங்கைக்கும் மலேயாவுக்கும் போனவர்களைத்தான் புலம்பெயர்ந்தவர்கள் என்கிறோம். கப்பலேறாமல் புலம்பெயர்ந்தவர்கள் இவர்கள்!

பிறகு ஜமீன் ஒழிந்தது. குத்தகை ஒழிந்ததா? இல்லை!

கூலி உயர்வு கேட்டுப் போராடிய தொழிலாளர் நூற்றுக்கணக்கில் சிறைக்குப் போனார்கள். அவர்களை விடுதலை செய்யக் கோரி 1999 ஜூலை 23 அன்று நெல்லைக் கலெக்டர் ஆபீசை நோக்கி ஊர்வலம் போயிற்று. கொக்கிரகுளத்தில் தடியடி. ஜனங்கள் தாமிரபரணிக்குள் ஓடினார்கள். ஆற்றுக்குள்ளும் அடி விழுந்தது. செத்தவர்கள் 17 பேர். அதில் பெண்களும் உண்டு, கைக்குழந்தையும் உண்டு. நம் சிற்றாறு சீவலப்பேரியில் போய்க் கலக்கிறதே, அந்த ஆறுதான் தோழர்களே! விசாரணைக் கமிஷன் போலீஸ் செய்தது சரியென்றே எழுதிற்று. ஆனால் தண்ணீரில் நின்றவர்கள்மேல் ஓங்கிய கம்பை அன்று கேமராக்கள் பார்த்துவிட்டன. காகிதத்தில் எழுதியதை மாற்றி எழுதலாம், இதை எப்படி மாற்றுவது?

2024-ல் கம்பெனி வேலையை நிறுத்தி, விருப்ப ஓய்வு என்று கையெழுத்து வாங்கிற்று. விருப்பமாம்! நாலு தலைமுறையாக அங்கே இருந்தவர்களைக் கீழே இறங்கச் சொன்னார்கள். காடு பிழைக்க வேண்டும், நான் மறுக்கவில்லை. ஆனால் தொண்ணூறு வருஷத்துக்கு மேல் தேயிலை விற்றவனுக்குக் கணக்கு முடித்துக்கொள்ள வழியிருக்கிறது. பாட்டன் கல்லறையை விட்டு இறங்குகிறவளுக்கு என்ன கணக்கு? குத்தகைப் பத்திரத்தில் ஏக்கர் இருக்கிறது, வருஷம் இருக்கிறது; காடு வெட்டியவன் பெயர் ஒன்றாவது இருக்கிறதா?

மலையிலிருந்து இறங்கியவர்கள் இந்தக் கூட்டத்தில் இருந்தால் படம் முடிந்ததும் எழுந்து போய்விடாதீர்கள். உங்கள் தாத்தா எந்த ஊரிலிருந்து ஏறினார், ஆச்சி எந்தத் தோட்டத்தில் கொழுந்து கிள்ளினாள், எங்கே அடக்கம் செய்தீர்கள், எல்லாம் சொல்லுங்கள். நோட்டும் பேனாவும் கொண்டுவந்திருக்கிறோம். எத்தனை நேரமானாலும் உட்கார்ந்து எழுதுவோம்.

சரி, விளக்கை அணையுங்கள்.