வியட்நாம் அடுப்படியும் கொங்குச் சந்தகையும்



வியட்நாம் என்ற பேரைக் கேட்டதும் திருப்பூர்க்காரர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது பனியன் ஆர்டர்தான். 2020 ஆகஸ்ட்டில் அந்த நாட்டுக்கும் ஐரோப்பிய ஒன்றியத்துக்கும் இடையே தடையற்ற வர்த்தக ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. அன்றிலிருந்து, "இதே பீஸை வியட்நாம்ல இன்னும் குறைச்சுத் தர்றாங்களே" என்று வெளிநாட்டுப் பையர் சொல்லிக் கேட்காத பனியன் கம்பெனிக்காரர் நம் ஊரில் குறைவு. அந்த நாட்டுக்கு இப்போது நம்மவர்கள் சுற்றுலாவாகவும் போகிறார்கள். 2023 நவம்பரில் திருச்சியிலிருந்து ஹோ சி மின் நகரத்துக்கு நேரடி விமானம் விட்டார்கள். ஹோ சி மின் நகரம்தான் பழைய சைகோன்; கரூர் வழியாகத் திருச்சி போய் ஏறினால் அங்கே இறங்கிவிடலாம் என்றானது. போய் வந்தவர்கள் கைப்பேசியில் காட்டுகிற படங்களில் அனேகமாக ஒன்று இப்படி இருக்கும்: ஏப்ரன் கட்டிக்கொண்டு, கையில் கத்தியோடு, எதிரே நறுக்கிய கேரட்டோடு நிற்கிற படம். சமையல் வகுப்பில் எடுத்தது.

இன்றைய பேச்சு அந்த வகுப்பைப் பற்றி. கொடுக்கிற காசுக்கு அது தகுமா? அரை நாளில் ஒரு நாட்டுச் சமையலில் எது கைக்கு வரும், எது வராது?

நடு வியட்நாமில் து போன் ஆற்றங்கரையில் ஹோய் ஆன் என்றொரு பழைய துறைமுக ஊர் இருக்கிறது. 1999-இல் யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்த ஊர். சமையல் வகுப்புக்கு அந்த நாட்டிலேயே பேர்போனது. அங்கே பெரும்பாலான வகுப்புகள் ஒரே வரிசையில்தான் நடக்கின்றன. காலையில் சந்தை, அப்புறம் படகு, நீர்த்தென்னைக் காட்டுக்குள் வட்டப் பரிசலில் ஒரு சுற்று, அதன்பின் அடுப்பு, கடைசியில் சமைத்ததைச் சாப்பிட்டுவிட்டு, செய்முறை அச்சடித்த தாளோடு கிளம்பலாம். ஒகேனக்கல் பரிசலில் போனவர்களுக்கு அந்தப் பரிசல் சுற்றில் புதிதாக ஒன்றும் கிடைக்காது. அதைக் கழித்துவிட்டு மீதிக்கு மட்டும் காசு வாங்குகிற வகுப்பாகப் பார்த்துச் சேருங்கள் என்பது என் கட்சி. சந்தையை மட்டும் விட்டுவிடக் கூடாது.

ஏனென்றால் அந்தச் சமையலின் பாதி சந்தையிலேயே முடிந்துவிடுகிறது. நமக்குக் கீரை என்றால் அடுப்பில் ஏற வேண்டும். கடைய வேண்டும், அல்லது பொரிக்க வேண்டும். அங்கே இலையைப் பச்சையாகவே தின்கிறார்கள். புதினா, கொத்தமல்லி, ஒருவகைத் துளசி, ஊதா நிறத்துப் பெரில்லா என்று ஒரு தட்டு நிறைய இலை சாப்பாட்டோடு வந்துவிடும். ஹோய் ஆனுக்குப் பக்கத்தில் திரா குவே என்ற கிராமம் இந்த இலைகளுக்கென்றே பேர் வாங்கியது. ஆற்றுப் பாசியை அள்ளிவந்து மண்ணில் புதைத்து அதையே உரமாக்குகிறார்கள். 2024-இல் ஐ.நா. சுற்றுலா அமைப்பு சிறந்த சுற்றுலாக் கிராமங்களில் ஒன்றாக அதைத் தேர்ந்தெடுத்தது. அங்கே பாத்தியிலிருந்தே இலையைக் கிள்ளி உங்கள் கையில் கொடுப்பார்கள். கசக்கி முகர்ந்து, வாயில் போட்டுப் பார்த்து, எந்த இலை எந்தப் பண்டத்தோடு சேரும் என்று அங்கேயே தெரிந்துகொள்வதுதான் முதல் பாடம். இதைப் புத்தகத்தில் படித்து அறிய முடியாது.

இரண்டாவது பாடம் ஒரு சின்னக் கிண்ணத்துக்குள் இருக்கிறது. என் கணக்கில் முழு வகுப்பின் விலையும் இந்தக் கிண்ணத்துக்கே தகும். நுவோக் சாம் என்கிற தொட்டுக்கொள்ளும் சாறு அது. மீன் சாறு, எலுமிச்சை, சர்க்கரை, தண்ணீர், பூண்டு, மிளகாய், அவ்வளவுதான். ஆனால் உப்பு, புளிப்பு, இனிப்பு, காரம் நான்கில் எதுவும் தலைதூக்கக் கூடாது. அளவைச் சொல்லிக்கொடுத்தாலும் எலுமிச்சைக்கு எலுமிச்சை புளிப்பு வேறு, ஆகவே நாக்கால்தான் பிடிக்க வேண்டும். நல்ல ஆசிரியை என்றால் கரண்டியில் எடுத்துச் சுவைக்கச் சொல்லுவார், என்ன குறைகிறது என்று கேட்பார், நாம் சொன்னதைச் சேர்க்கச் சொல்லுவார், மறுபடி சுவைக்கச் சொல்லுவார். நம் வீடுகளில் ரசம் கூட்டுகிற அம்மாக்கள் செய்வதும் இதுதான். ஆனால் அவர்கள் அதை வாய்விட்டுச் சொல்லிக்கொடுத்ததில்லை. நமக்கே தெரிந்த ஒரு வேலையை வேறொரு நாட்டுக்காரர் பிரித்து, படிப்படியாகச் சொல்லிக்கொடுக்கும்போதுதான் அது ஒரு வித்தை என்பதே நமக்கு உறைக்கிறது.

அந்த மீன் சாற்றைப் பற்றியும் ஒரு வார்த்தை. நெத்திலி மீனையும் உப்பையும் அடுக்கி, பெரிய மரத்தொட்டியில் ஓராண்டு போலப் புளிக்கவிட்டு வடிப்பது. ஃபூ குவோக் தீவின் மீன் சாற்றுக்கு 2012-இல் ஐரோப்பிய ஒன்றியம் புவிசார் பாதுகாப்புக் கொடுத்தது. வாசனை கொஞ்சம் முரடு. கருவாட்டுக் குழம்பு தின்று வளர்ந்தவர்களுக்கு ஒரு நிமிடத்தில் பழகிவிடும்.

சைவர்கள் பயப்பட வேண்டாம். பௌத்தர்கள் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் விரதம் இருக்கிற நாடு அது. 'ஆன் சாய்' என்று சொன்னால் சைவம் என்று புரிந்துகொள்வார்கள். மீன் சாற்றுக்குப் பதில் சோயாச் சாறு வரும், எலும்புச் சாற்றுக்குப் பதில் காளான் சாறு வரும். ஆனால் வகுப்புக்குப் பணம் கட்டும்போதே சொல்லிவிடுங்கள். அடுப்பு முன்னால் போய் நின்றுகொண்டு சொன்னால் அவர்களுக்கும் சங்கடம், நமக்கும் சங்கடம். மாட்டிறைச்சி சாப்பிடாதவர்களும் முன்கூட்டியே சொல்லிவைப்பது நல்லது.

இனி அடுப்புக்கு வருவோம். அரிசித்தாள் செய்யக் கற்றுக்கொடுப்பார்கள். கொதிக்கிற பானையின் வாயில் ஒரு துணியை இழுத்துக் கட்டியிருப்பார்கள். அதன்மேல் அரிசிமாவை மெல்லிசாகத் தடவி மூடி, வெந்ததும் மூங்கில் குச்சியால் எடுத்துத் தட்டியில் காயப்போடுவார்கள். பனியன் ஊர்க்காரர் கண் முதலில் அந்தத் துணியின்மேல்தான் போகும், என்ன கவுண்ட் நூல், எத்தனை இழுப்புத் தாங்கும் என்று! வந்தவர்கள் எல்லாரும் முதல் தாளைக் கிழித்துவிட்டுச் சிரித்துக்கொள்வார்கள். அது வேடிக்கை, ஒரு மணி நேரத்தில் அந்தக் கை வராது. வீட்டுக்கு வந்து யாரும் செய்யப்போவதும் இல்லை. பான் செயோ அப்படியல்ல. அரிசிமாவில் மஞ்சளும் தேங்காய்ப்பாலும் கலந்து முறுகலாக ஊற்றி, இறாலும் முளைப்பயறும் வைத்து மடிப்பது. ஈரோட்டு மஞ்சளும் தோசைக்கல்லும் இருக்கிற வீட்டில் இது மறுநாளே வந்துவிடும். இறாலுக்குப் பதில் காளான் போட்டாலும் கெட்டுப்போகாது.

குறை எங்கே என்றால், ஃபோ என்கிற நூடுல்ஸ் சாறு செய்யும்போது வெளிப்படுகிறது. அன்னாசிப்பூ, பட்டை, சுட்ட இஞ்சி, சுட்ட வெங்காயம் எல்லாம் எலும்போடு பல மணி நேரம் சிறு தீயில் கிடந்தால்தான் அந்தச் சாறு வரும். வகுப்பிலோ நாம் போய் நிற்கும்போதே பானை தயாராகக் கொதித்துக்கொண்டிருக்கும். ஃபோவுக்கு இல்லாமல் வேறு பண்டங்களுக்கு வரும், பிழிந்து செய்கிற அரிசி நூடுல்ஸும் அப்படியே. பாரம்பரிய முறையில் அரிசியை ஊறவைத்து, நாள்கணக்கில் புளிக்கவிட்டு, அரைத்து, நீரை வடித்து, பாதி வேகவைத்துப் பிசைந்து, கொதிநீரில் பிழிகிறார்கள். அந்த வேலை வகுப்பில் வருவதே இல்லை. கடைநூடுல்ஸ் ஒரு தட்டில் வந்து உட்கார்ந்திருக்கும். நம் ஊருக்கு வந்த விருந்தாளியை நிட்டிங், டையிங், காம்பாக்டிங், கட்டிங், பவர் டேபிள் எதையும் காட்டாமல், செக்கிங் முடிந்த பனியனை மடித்துப் பெட்டியில் போடச் சொல்லிவிட்டு "நீங்களே பனியன் தயாரித்தீர்கள்" என்று கைகுலுக்கினால் எப்படி இருக்கும்? முக்கால்வாசி வகுப்புகள் அந்த நிலையில்தான் இருக்கின்றன. அடுத்த அறையில் விடியற்காலையிலிருந்து வெங்காயம் உரித்து, இறால் சுத்தம் செய்து, பாத்திரம் கழுவுகிற பெண்களை நாம் பார்ப்பதே இல்லை. ஆகவே சேருமுன் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: சாற்றையும் மாவையும் முன்னாலேயே தயார் செய்துவிடுவீர்களா, எங்கள் முன்னால் செய்வீர்களா? பதிலை வைத்து வகுப்பின் தரத்தைச் சொல்லிவிடலாம்.

சைகோனில் வகுப்பு எடுப்பவர்களுக்கு இன்னொரு வேடிக்கை காத்திருக்கிறது. கா ரி கா என்று ஒரு கோழிக்குழம்பு சொல்லிக்கொடுப்பார்கள். தேங்காய்ப்பால், எலுமிச்சம்புல், சக்கரைவள்ளிக்கிழங்கு, கூடவே கறிமசாலாத் தூள். தொட்டுக்கொள்ளப் பிரெஞ்சு ரொட்டி. பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட காலத்தில் நகரத்தார் சைகோனில் கொடுக்கல் வாங்கல் நடத்தினார்கள், புதுச்சேரித் தமிழர்கள் அரசாங்க வேலைக்குப் போனார்கள். அவர்கள் வழிபட்ட மாரியம்மன் கோயில் ட்ருவோங் டின் தெருவில் இன்றும் இருக்கிறது; உள்ளூர் வியட்நாமியர்களே ஊதுவத்தி ஏற்றிக் கும்பிடுகிறார்கள். கப்பல் ஏறிப் போன மசாலாவுக்கு இப்போது நாம் காசு கட்டிப் பாடம் கேட்கிறோம். தப்பில்லை. அவர்கள் அதைத் தங்களுடையதாகவே ஆக்கிவிட்டார்கள்.

நம் பக்கத்தில் இப்படியொரு சமையல் வகுப்பை முறையாகச் செய்து காட்டியவர்கள் காரைக்குடியில் இருக்கிறார்கள். மீனாட்சி மெய்யப்பன் வளர்த்த 'தி பங்களா' விடுதியில் வெளிநாட்டார் வந்து செட்டிநாட்டுச் சமையல் கற்றுப் போகிறார்கள். அந்த அடுக்களைச் சமையல் 2014-இல் புத்தகமாகவும் வந்தது. செட்டிநாட்டுக்கு அந்தப் பேர் கிடைத்ததில் இதற்கும் பங்குண்டு.

கொங்கு நாட்டுக்கு அந்தப் பேர் ஏன் இல்லை? சரக்கு இல்லாமலா? ஊத்துக்குளி வெண்ணெய் இருக்கிறது. அரிசிம்பருப்பு இருக்கிறது, கொள்ளு ரசம் இருக்கிறது, கம்மஞ்சோறு இருக்கிறது. எல்லாவற்றுக்கும் மேலாகச் சந்தகை இருக்கிறது. புழுங்கலரிசியை ஊறவைத்து, கெட்டியாக அரைத்து, இட்லியாக வேகவைத்து, ஆவி பறக்கப் பறக்கச் சந்தகை மரம் என்கிற அச்சில் வைத்துப் பிழிவது. வியட்நாமில் பாதி வெந்த மாவைப் பிழிந்த பிறகு முழுதாக வேகவைக்கிறார்கள், நாம் முழுதாக வேகவைத்த பிறகு பிழிகிறோம். ஆறிவிட்டால் பிழிய வராது. ஒருவர் எடுத்துப் போட, ஒருவர் திருக, ஒருவர் தட்டில் வாங்க என்று ஆள் சேர்ந்தால்தான் நடக்கும். புது மாப்பிள்ளை விருந்தென்று பிழிகிற வீடுகளில் சத்தமும் சிரிப்புமாக இருப்பதற்கு இதுவே காரணம். பிழிந்ததில் பாதியை எலுமிச்சையோ எள்ளோ போட்டுத் தாளிக்கலாம், பாதிக்கு வெல்லம் போட்ட தேங்காய்ப்பால் ஊற்றலாம். சமையல் வகுப்புக்கென்றே செய்துவைத்த பண்டம் மாதிரி இருக்கிறது. வந்தவர் கையைச் சும்மா வைத்திருக்கவே முடியாது.

ஆனால் திருப்பூருக்கு வருகிற பையர் என்ன சாப்பிடுகிறார்? ஓட்டலில் சாண்ட்விச். திருமுருகன்பூண்டி நிட் ஃபேர் வளாகத்தில் கண்காட்சி நடக்கும் நாட்களில் எத்தனை நாட்டுக்காரர்கள் வந்து போகிறார்கள்! சாம்பிளைப் பார்க்கிறார்கள், விலை பேசுகிறார்கள், கோவைக்குக் கார் ஏறிவிடுகிறார்கள். பையரை விடுங்கள். ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்து நம்மோடு பல வருஷமாக பவர் டேபிளில் உட்கார்ந்திருக்கிற பிள்ளைகளில் எத்தனை பேர் சந்தகையைக் கண்ணால் பார்த்திருப்பார்கள்? அவர்கள் ஊர் அரிசிப் பண்டத்தை நாம் கேட்டுத் தெரிந்துகொண்டதுண்டா?

சந்தகை வகுப்பு நடத்தப் பெரிய கட்டடம் வேண்டாம். பரணில் கிடக்கும் சந்தகை மரத்தை இறக்கிக் கழுவினால் போதும். மகளிர் குழுக்கள் முன்வந்தால் ஒரு வருமானமாகவும் ஆகும். கட்டணம் வாங்குங்கள், கூச்சப்படாதீர்கள். இலவசமாகக் காட்டுவது விருந்து, காசு வாங்கிக் காட்டினால்தான் ஒழுங்காகச் சொல்லிக்கொடுப்போம். ஹோய் ஆன் வகுப்புகள் செய்கிற குறையை மட்டும் நாம் செய்ய வேண்டாம். வருகிறவரைப் பிழிகிற நேரத்துக்குக் கூப்பிடாதீர்கள். முந்தின நாள் அரிசி ஊறப்போடும்போதே கூப்பிட்டு, ஒரு படி அரிசியை அவர் கையாலேயே அளந்து போடச் சொல்லுங்கள்.