டைட்டிலில் ஒரு பெயர்

(பழைய மாணவர் சங்க ஆண்டுக் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)



கடைசி பெஞ்சில் உட்கார்ந்து நோட்டின் ஓரத்தில் ராட்சதப் பல்லி வரைந்துகொண்டிருந்தவனை இன்று மேடையேற்றிவிட்டீர்கள்! சினிமாவுக்குக் கிராஃபிக்ஸ் செய்வது என் பிழைப்பு. பெரும்பாலும் சின்ன பட்ஜெட் படங்கள்தான். "அதுல என்னப்பா கிடைக்கும்?" என்று வாசலிலேயே ஒரு நண்பர் கேட்டுவிட்டார். அவருக்கான பதிலே இந்தப் பேச்சு.

கேரத் எட்வர்ட்ஸ் என்று ஓர் இங்கிலாந்துக்காரர். பி.பி.சி. ஆவணப் படங்களுக்குக் கிராஃபிக்ஸ் செய்துகொண்டிருந்தவர். 2010-ல் 'மான்ஸ்டர்ஸ்' என்ற படத்தை இயக்கினார். செலவு 5 லட்சம் டாலருக்கும் குறைவு. ஹாலிவுட் கணக்கில் அது டீச்செலவு! முக்கிய நடிகர்கள் இரண்டே பேர். மற்ற வேடங்களுக்குப் பெரும்பாலும் வழியில் கிடைத்த ஊர்க்காரர்கள். சின்னக் குழுவாக மெக்சிகோ, குவாத்தமாலா என்று சுற்றிப் படமெடுத்தார்கள். பிறகு சுமார் 250 கிராஃபிக்ஸ் ஷாட்டுகளை வீட்டில் உட்கார்ந்து, கடையில் விற்கிற மென்பொருளை வைத்து, அவரே செய்து முடித்தார்.

அதில் ஒரு சூட்சுமம் உண்டு. மிருகத்தை அவர் அதிகம் காட்டவில்லை. சாதாரண சாலைப் பலகையில் எச்சரிக்கை எழுத்தைச் சேர்த்தார். பார்க்கிறவனுக்குப் பயம் தானாக வந்தது. கையில் காசு குறைந்தால் புத்தி கூடவேண்டும். பிறகு 2014-ல் 'காட்ஸில்லா', 2016-ல் 'ரோக் ஒன்' ஆகிய பெரிய படங்களை அவரே இயக்கினார்.

எல்லோருக்கும் அப்படி அமையுமா? அமையாது. என் கதையையும் கேளுங்கள். வேலைக்கு வந்த புதிதில் ஒரு சின்னப் படத்துக்கு 40 ஷாட் செய்தேன். எடிட்டிங் முடியும் முன்பே ராத்திரி பகலாக உழைத்தேன். கடைசியில் 25 ஷாட்டை வெட்டிவிட்டார்கள். பாதிப் பணம் வரவே இல்லை. அம்மாவைத் தியேட்டருக்குக் கூட்டிப்போனேன். டைட்டில் ஓடி முடிந்து விளக்கும் போட்டுவிட்டார்கள். "உன் பேரு எங்கடா?" என்றார். "வேகமா போயிடுச்சும்மா" என்றேன். நான் அம்மாவிடம் சொன்ன பெரிய பொய் அதுதான்.

ஆகவே தம்பி, தங்கைகளே, மூன்று விஷயம். எடிட்டிங் முடிந்த பிறகே நுணுக்க வேலையில் இறங்குங்கள். பணத்தைக் கட்டம் கட்டமாக வாங்குங்கள். டைட்டிலில் பெயர் வரும் என்பதை எழுத்தில் வாங்குங்கள். நட்பு வேறு, ஒப்பந்தம் வேறு.

2024 மார்ச்சில் 'காட்ஸில்லா மைனஸ் ஒன்' என்ற ஜப்பானியப் படம் கிராஃபிக்ஸுக்கான ஆஸ்காரை வென்றது. 610 ஷாட்டுகளைச் செய்தவர்கள் சுமார் 35 பேர்தான். இயக்குநர் தகாஷி யமசாகியே அந்தக் குழுவுக்கும் தலைவர். சின்னக் கூட்டம் ஜெயிக்கும் என்பதற்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

அடுத்த படத்தில் என் பெயர் வந்தது. இரண்டு விநாடிதான். அம்மா எழுந்து நின்று பார்த்தார். நண்பரே, கிடைத்தது அதுதான்!