பேய்களுக்கு வாசித்த மிருதங்கம்



ஹவுராவை அடுத்த சாந்த்ராகாச்சியில் குடியிருக்கும் எங்களுக்கு அச்சத்தின் ஒலி எது என்று எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. குளிர்கால இரவுகளில் ஏரியில் வந்து தங்கும் சீழ்க்கைச் சிறகிகள் ஓயாமல் கூவும். அப்பால் இரயில் வண்டிகளின் இரைச்சல். இவற்றால் எங்கள் உறக்கம் கெடுவதில்லை. இவை திடீரென்று அடங்கும்போதுதான் விழித்துக்கொள்கிறோம்.

நல்ல திகிற்படங்களுக்கு இசையமைத்தோர் இதனை அறிந்திருந்தனர். ஜப்பானில் 1964-இல் கோபயாஷி இயக்கிய ‘க்வைதான்’ படத்திற்கு இசையமைத்த தோரு தகெமிட்சு, மரம் பிளக்கும் ஓசையைப் பதிவு செய்து அதையே இசையாக்கினார். மௌனத்திற்கும் நிறைய இடம் விட்டார். அப்படத்தின் கதை ஒன்றில், பார்வையற்ற பாடகன் ஒருவன் போரில் மாண்டவர்களின் ஆவிகளுக்கு முன் அமர்ந்து ‘பிவா’ என்னும் நரம்புக்கருவியை மீட்டுகின்றான். கதவு திறந்தாலே வயலின்களை அலறவிடும் படங்களை இதனோடு ஒப்பிட எங்களுக்கு மனம் வரவில்லை.

வங்கத்திலும் பேய்களுக்கு இசையமைத்தவர் ஒருவர் உண்டு. சத்யஜித் ராய் 1969-இல் எடுத்த ‘கூபி காயின் பாகா பாயின்’ சிறுவர்க்கான படமே. ஆயினும் அதில் ஏறத்தாழ ஆறரை நிமிடம் பேய்கள் ஆடுகின்றன. இசையை ராயே அமைத்தார். பண் ஏதும் இல்லை, தாளம் மட்டுமே. அதற்கு அவர் தேர்ந்தவை நம் தென்னாட்டுக் கருவிகள்! சாத்திரிய வாத்தியமாகிய மிருதங்கம் அரசப் பேய்களுக்கு. பாதி நாட்டுப்புறத்ததான கஞ்சிரா குடியானவப் பேய்களுக்கு. விறைத்த ஒலியுடைய கடம் வெள்ளைக்காரத் துரைகளுக்கு. சற்றே நகைப்பூட்டும் மோர்சிங் தொந்திப் பேய்களுக்கு.

இப்படத்தைத் தொலைக்காட்சியில் கண்ட அன்று எங்கள் வீட்டில் ஒரு பூசலே நிகழ்ந்தது. எங்கள் பெரியப்பா இளமை முதல் பஜனைகளுக்கு மிருதங்கம் வாசித்தவர். “நந்திதேவர் வாசித்த வாத்தியத்தைப் பேய்க்குக் கொடுத்துவிட்டார்களே! ஊரை விட்டு வந்ததற்கு இதையும் காண வேண்டுமா?” என்று கூறி எழுந்துபோய்விட்டார். வங்காளி அண்டைவீட்டார் எதிரில் நாங்கள் நாணி நின்றோம். அவர்களோ, தாங்கள் குழந்தைப் பருவம் முதல் போற்றிவந்த காட்சியில் என்ன குற்றம் என்று திகைத்தனர்.

மறுநாள் பெரியப்பாவிடம் காரைக்கால் அம்மையாரை நினைவூட்டினோம். தம்மைப் பேய் என்றே சொல்லிக்கொண்ட அவ்வம்மையார், திருவாலங்காட்டுச் சுடுகாட்டில் இறைவன் ஆடும் கூத்தைப் பாடுமிடத்துப் பண்ணிசையையும் கருவிகளையும் வரிசையாக எண்ணுகின்றார். அவ்வரிசையில் மத்தளமும் உண்டு, குடமுழவும் உண்டு. அப்படியாயின் ராய் எதைப் பறித்தார்? மத்தளம் முன்னரே அங்கே ஒலித்ததன்றோ!

பெரியப்பா விடை கூறவில்லை. மாலையில் அக்காட்சியை மீண்டும் போடச் சொன்னார். கண்களை மூடி, விரல்களால் தொடையில் எண்ணிக்கொண்டே இறுதிவரை கேட்டார்.

“கஞ்சிராவின் தோலை இன்னும் சற்று நனைத்திருக்கலாம்” என்றார்.