விலையும் சொல்லும்



மணப்பாட்டு மணல்மேட்டில் நின்றால் தெரிவது முத்துக்குளித்துறைக் கடல். கொற்கை முத்தின் ஒளியைச் சங்கப் புலவர் பாடினர். மூச்சடக்கி அதை எடுத்த பரதவருக்குக் கிடைத்தது என்ன? ஆங்கிலேயர் ஆட்சியில் எடுத்த சிப்பியில் மூன்றில் இரு பங்கு அரசுக்கு. குளித்தவருக்கு ஒரு பங்கே. 1961ஆம் ஆண்டோடு தூத்துக்குடி முத்துக்குளிப்பும் நின்றுபோயிற்று.

மீன் தொழிலிலும் அதே நிலைதான். வலைக்கு முன்பணம் தந்த வியாபாரி சொன்னதே விலை. இந்தக் கட்டை அவிழ்க்கக் கேரளத்து மரியநாட்டு மீனவர் ஒரு வழி கண்டனர்; தம் சங்கத்தின் வாயிலாகத் தாமே மீனை ஏலமிட்டனர். 1980இல் தென்னிந்திய மீனவர் சங்கங்களின் கூட்டமைப்பு உருவாயிற்று. குமரிக் கரையிலும் அம்முறை வேரூன்றியது. சங்கமே கடன் கொடுக்கும். விற்ற தொகையில் கடனுக்கும் சேமிப்புக்கும் சிறு பகுதி பிடித்து, மீதியை உழைத்தவர் கையில் தரும். மணப்பாட்டிலோ, பெண்கள் கூட்டுறவாய்க் கூடிப் பனையோலைக் கூடை முடைந்து தம் வருவாயைத் தாமே தேடுகின்றனர்.

விலையைச் சொல்லும் உரிமை இவ்வாறு மீள்கிறது. தம் கதையைச் சொல்லும் உரிமை?

1578இல் கொல்லத்தில் அச்சேறிய 'தம்பிரான் வணக்கம்' இந்திய மண்ணில் தமிழ் எழுத்தில் அச்சான முதல் நூல். அதற்குப் பொருள் ஈந்தவர்கள் இக்கரைப் பரதவர்களே. ஆயினும் அவர்தம் வாழ்வு நூலாக நான்கு நூற்றாண்டு காத்திருக்க நேர்ந்தது. வண்ணநிலவனின் 'கடல்புரத்தில்' 1977இல் வந்தது. வல்லத்துக்கும் லாஞ்சுக்கும் மூண்ட பகையை அது பரிவோடு காட்டிற்று. பின்னர் உவரியில் பிறந்த ஜோ டி குருஸ், 2004இல் 'ஆழி சூழ் உலகு' நாவலைக் கடற்கரை மொழியிலேயே எழுதினார். அவருடைய 'கொற்கை' 2013இல் சாகித்ய அகாதெமி விருது பெற்றது.

கொண்டல், வாடை, கச்சான், நீவாடு என்பன வெறும் வட்டார வழக்குகள் அல்ல. காற்றையும் நீரோட்டத்தையும் கணித்து உயிரோடு கரையேறிய மக்களின் அறிவுச் செல்வம். திசைகாட்டும் கருவி கைக்கு வந்ததும், இளையோர் நாவிலிருந்து அச்சொற்கள் நழுவுகின்றன. விலையை மீட்டவர் சொல்லை இழந்தால், மீட்சி பாதியே.

கவிஞர்களே! நெய்தலைப் பாடுவது நம் மரபு. நெய்தல் மக்கள் பாட, அமர்ந்து கேட்பது இனி நம் கடமை. அடுத்த பத்தாண்டில் இவ்வட்டத்தின் மேடையில் கடற்கரை இளைஞர் குரல் ஒலிக்கட்டும். முதியோர் சொற்கள் ஏடேறட்டும்.