கல்லை எடுத்தவன் கழிவையும் எடுக்கட்டும்!

(ஒன்றியச் சிறப்புக் கூட்டத்தில் சங்கச் செயலாளர் ஆற்றிய உரை. தோழர்கள் கேட்டுக்கொண்டபடி அச்சிட்டு வழங்கப்படுகிறது.)



நம்ம கிருஷ்ணகிரி மாவட்டத்தில் நிலக்கரி கிடையாது. ஆனாலும் இன்றைக்கு நிலக்கரிச் சுரங்கத்துக் கழிவில் இருந்துதான் பேச்சை ஆரம்பிக்கப் போகிறேன். "செயலாளருக்கு என்ன ஆச்சு, கிரானைட் குவாரிக் கழிவைப் பற்றிப் பேசக் கூப்பிட்டால் கரியைப் பற்றிப் பேசுகிறாரே" என்று நினைக்காதீர்கள். காரணம் இருக்கிறது. நம்ம ஏரிக்கு மேல்புறம் ஒரு கழிவு மேடு வளர்ந்துகொண்டு வருகிறது. அது நாளைக்கு என்ன செய்யும் என்று தெரிய வேண்டுமானால், நமக்கு முன்னாலேயே மேடு கொட்டிய ஊர்களைப் போய்ப் பார்க்க வேண்டும்.

பிரிட்டனில் வேல்ஸ் என்று ஒரு பகுதி. அங்கே அபர்ஃபான் என்று ஒரு நிலக்கரிச் சுரங்கக் கிராமம். கரி போக மிஞ்சின கல், மண், சேறு எல்லாவற்றையும் ஊருக்கு மேலே மலைச்சரிவில் கொட்டினார்கள். கொட்டின இடத்தில் ஊற்றுக்கண் இருந்தது. பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் இப்படிக் கொட்டுவது ஆபத்து என்று 1963-லேயே உள்ளாட்சிப் பொறியாளர் கடிதம் எழுதினார். நாம் கொடுக்கிற மனு மாதிரிதான் அதுவும் போனது. 1966 அக்டோபர் 21, காலை ஒன்பதே கால் மணி. பிள்ளைகள் வகுப்பில் உட்கார்ந்த நேரம். ஏழாம் நம்பர் மேடு மொத்தமாகச் சரிந்து பள்ளிக்கூடத்தின் மேல் வந்து விழுந்தது. செத்தவர்கள் 144 பேர். அதில் 116 பேர் குழந்தைகள்.

விசாரணை வைத்தார்கள். குற்றம் தேசிய நிலக்கரி வாரியத்தினுடையது என்று 1967-ல் அறிக்கை வந்தது. தண்டனை? ஒருவருக்கும் இல்லை. இன்னும் ஒன்று கேளுங்கள். மிச்சம் இருந்த மேடுகளை அகற்றுங்கள் என்று ஊர்மக்கள் போராடினார்கள். அதற்கான செலவில் ஒரு பங்காக, செத்த பிள்ளைகளின் குடும்பங்களுக்காக உலகம் முழுக்க ஜனங்கள் கொடுத்த நிதியில் இருந்து ஒன்றரை லட்சம் பவுண்டை எடுத்துக்கொண்டார்கள். அந்தப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தது 1997-ல். முப்பது வருஷம் கழித்து, வட்டி கூட இல்லாமல்!

கழிவு மேட்டு விவகாரம் எல்லாமே இதில் அடங்கியிருக்கிறது. லாபம் ஒருத்தருக்கு, கழிவு ஊருக்கு, அதை அப்புறப்படுத்துகிற செலவும் ஊர் தலையில்.

சரி, அது வெளிநாடு. நம்ம நெய்வேலிக்கு வருவோம். அங்கே நிலத்துக்கு அடியில் பழுப்பு நிலக்கரி. மேலே இருக்கிற மண்ணை வாரிக் கொட்டினால்தான் கரி கண்ணில் படும். ஒரு டன் கரிக்குப் பல கன மீட்டர் மண்ணை எடுத்தாக வேண்டும். 1957-ல் தோண்ட ஆரம்பித்தார்கள். அந்த மண்தான் இன்றைக்கு மலை மலையாக நிற்கிறது. சில மேடுகளில் மரம் வைத்திருக்கிறார்கள், தோண்டின குழியில் பின்பக்கமாக மண்ணைத் திரும்ப நிரப்பியும் வருகிறார்கள். அதை இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் சுரங்கம் நகர நகர நிலமும் போகிறது, ஓடையும் இடம் மாறுகிறது. 2023 ஜூலையில் வளையமாதேவியில் பரவனாற்றுக்கு மாற்றுக் கால்வாய் வெட்ட, கதிர் பிடிக்கிற நெல்வயலில் இயந்திரத்தை இறக்கினார்கள். பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் கொடு என்று சென்னை உயர் நீதிமன்றம் சொல்ல வேண்டி வந்தது. அரசாங்கக் கம்பெனியிடமே இந்த நிலைமை என்றால், தனியார் குவாரியிடம் நாம் எவ்வளவு உஷாராக இருக்க வேண்டும்?

அடுத்தது ரொம்பப் பக்கம். எல்லைக்கு அந்தப் பக்கம், கோலார் தங்கவயல். நம்ம ஊர் சேலம் ஜில்லாவில் இருந்த காலத்தில், இங்கேயிருந்தும் வட ஆற்காட்டில் இருந்தும் போன ஜனங்கள் உழைத்த சுரங்கம். கல்லைப் பொடியாக்கி, சயனைடு போட்டுத் தங்கத்தைப் பிரித்தார்கள். மிச்சப் பொடியைக் குவித்தார்கள். 2001 பிப்ரவரி 28-ல் சுரங்கத்தை மூடினார்கள். தொழிலாளிக்கு வேலை போனது. மேடு மட்டும் போகவில்லை. மூன்று கோடி டன்னுக்கு மேல் பொடி, பதின்மூன்று மேடுகள், ஆயிரம் ஏக்கர். காற்றடித்தால் அந்தத் தூசு வீட்டுக்குள் வருகிறது. 2024 ஜூனில் அந்த மேடுகளை ஏலம் விடக் கர்நாடக அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தது. எதுக்கு? தூசுக்காக இல்லை. பொடியில் இன்னும் கொஞ்சம் தங்கம் இருக்கிறதாம்! காசு இருந்தால் மேட்டைத் தேடி வருவார்கள். காசு இல்லாத மேட்டை யார் தேடி வருவார்கள்? நம்ம கிரானைட் கழிவில் தங்கமா இருக்கிறது?

இப்போது நம்ம ஊருக்கு வருவோம். கிரானைட்டில் பிளவு, கறை, நிறக் குறை எதுவும் இல்லாத கட்டி மட்டும்தான் லாரி ஏறும். வெட்டுகிறதில் பெரும்பங்கு கழிவு. அது எங்கே போகிறது? பக்கத்துப் புறம்போக்கில், ஓடையில், ஏரிக்கு வரும் நீர்வரத்துக் கால்வாயில். எங்கள் ஊர் ஏரிக்கு வந்த கால்வாயில் ஒரு குவாரிக்காரர் கல்லைக் கொட்டினார். பெயர் சொல்லி சண்டை போட நான் வரவில்லை. அந்த வருஷம் மழை பெய்தது, ஏரிக்குத் தண்ணீர் வரவில்லை. தண்ணீர் வேறு பக்கம் திரும்பி, ராகி போட்டிருந்த தம்பி ஒருத்தன் காட்டில் மண்ணை வாரிப் போட்டுவிட்டுப் போனது. ஏரி நிறையாததால் என் போர்வெல்லும் அடுத்த கோடையில் காற்றுதான் அடித்தது.

கிரஷர் தூசு கதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மாம்பூ மேல் படிந்தால் பிஞ்சு எப்படிப் பிடிக்கும்? அறுவைப் பட்டறையில், பாலிஷ் பட்டறையில் வருகிற சேறு காய்ந்தால் முகப்பவுடர் மாதிரி ஆகிவிடும். அது வயலில் படிந்தால் மண்ணின் துவாரம் அடைபடும், தண்ணீர் இறங்காது.

சட்டம் இல்லையா என்றால், இருக்கிறது தோழர்களே. 1999-ன் கிரானைட் பாதுகாப்பு, மேம்பாட்டு விதிகள் இருக்கின்றன. மேல் மண்ணைத் தனியாகச் சேர்த்து வைக்க வேண்டும், கழிவை அதற்கென்று ஒதுக்கின இடத்தில் பத்திரமாகக் கொட்ட வேண்டும், வெட்டின நிலத்தைச் சீர்செய்ய வேண்டும் என்கின்றன. சின்னக் குவாரியாக இருந்தாலும் சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2012-ல் சொன்னது. குவாரிகள் சேர்ந்து 5 ஹெக்டேரைத் தாண்டினால் பொதுமக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம் நடத்தியாக வேண்டும், 30 நாள் முன்னால் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். தோண்டி முடித்த இடத்தில் ஆடு மாடு மேய்கிற மாதிரி புல் வளர்த்துக் கொடுக்க வேண்டும் என்று 2020 ஜனவரி 8-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவு போட்டது. நம்ம தாலுகாவில் எந்தக் குவாரிக் குழியிலாவது புல் மேய்ந்த ஆட்டை யாராவது பார்த்தீர்களா?

நம்ம பக்கத்துத் தவறையும் பேசணும். கருத்துக் கேட்பு நடக்கிற அன்றைக்கு எத்தனை பேர் போகிறோம்? சாப்பாட்டுப் பொட்டலமும் நூறு இருநூறும் வாங்கிக்கொண்டு, எழுதி வைத்ததைப் படித்துவிட்டு வந்தவர்களும் நம்மில் உண்டு. கழிவு கொட்ட நிலத்தை வாடகைக்கு விட்டவர்களும் உண்டு. நம்ம பிள்ளைகள்தான் டிப்பர் ஓட்டுகிறார்கள். அதனால் குவாரியையே மூடு என்று சங்கம் சொல்லவில்லை. கல்லை எடுத்தவன் கழிவுக்கும் பொறுப்பேற்கணும் என்கிறோம். அதுவும் எப்போது? கல் தீர்ந்து, கம்பெனி கணக்கை முடித்துக்கொண்டு போன பிறகு இல்லை. முதல் லோடு போவதற்கு முன்னால். அபர்ஃபானும் கோலாரும் சொல்லிக் கொடுக்கிற பாடம் இதுதான்.

நமது கோரிக்கைகள்:

1. ஒவ்வொரு குவாரியும் கழிவு கொட்ட அனுமதிக்கப்பட்ட இடத்தை சர்வே எண்ணோடு ஊராட்சி அலுவலகத்தில் தமிழில் எழுதி ஒட்ட வேண்டும்.

2. ஏரி, ஓடை, நீர்வரத்துக் கால்வாயில் கொட்டிய கழிவைக் கொட்டியவர் செலவிலேயே அகற்ற வேண்டும்.

3. இருக்கிற மேடுகளுக்கு அடியில் தடுப்புச் சுவர், சுற்றிலும் வடிகால், மண் தங்கும் குழி அமைக்க வேண்டும். மழைக்காலத்துக்கு முன் அதிகாரிகள் நேரில் பார்க்க வேண்டும்.

4. குழியை மூடவும் நிலத்தைச் சீர்செய்யவும் ஆகும் முழுத் தொகையை அனுமதி கொடுக்கும்போதே முன்பணமாகக் கட்டவைக்க வேண்டும்.

5. மாவட்டக் கனிம அறக்கட்டளைப் பணம் முதலில் குவாரியால் பாதித்த கிராமத்துக்குச் செலவாக வேண்டும். கணக்கைக் கிராம சபையில் படிக்க வேண்டும்.

நாம் செய்ய வேண்டியது மூன்று. ஒன்று, அடுத்த கிராம சபையில் இந்த ஐந்தையும் தீர்மானமாக எழுதவைக்கணும். எழுதின பிறகுதான் கையெழுத்து, வெறும் தாளில் கையெழுத்து வேண்டாம். இரண்டு, பத்து ரூபாய் கட்டி, தகவல் உரிமைச் சட்டத்தில் ஒவ்வொரு குவாரியின் சுரங்கத் திட்டத்தையும், அனுமதி நிபந்தனைகளையும் நகல் கேட்கணும். மனு எழுதத் தெரியாதவர்கள் சங்க அலுவலகத்துக்கு வாங்க, எழுதித் தருகிறோம். மூன்று, இதற்கெல்லாம் பதில் வராவிட்டால் கலெக்டர் அலுவலகம் முன்னால் உட்கார வேண்டியதுதான். அன்றைக்கு ஊருக்குப் பத்துப் பேர் போதாது, வீட்டுக்கு ஒருத்தர் வரணும்.

அபர்ஃபானில் கடிதம் எழுதினார்கள், யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நாமும் மனுக் கொடுத்துவிட்டோம். மேடு சரிந்த பிறகு அழுவதைவிட, நிற்கும்போதே நாலு பேர் சேர்ந்து சத்தம் போடுவது மேல்.

ஏரியைக் காப்போம்! ஓடையை மீட்போம்! கல்லை எடுத்தவனே, கழிவையும் எடு!