பந்து வீசிப் பிழைத்த தொழிலாளி
(பரிசளிப்பு விழாவில் ஆற்றிய உரை)



படிப்புக்கும் பரிசு, விளையாட்டுக்கும் பரிசு என்று இன்று இரண்டையும் மேடையில் வைத்திருக்கிறீர்கள். அதனால் விளையாட்டையே தொழிலாகக் கொண்டு பிழைத்த ஒருவரின் கதையைச் சொல்லலாம் என்று எண்ணினேன். அவர் பெயர் ஹெரால்ட் லார்வுட். இங்கிலாந்துக்காரர். கிரிக்கெட்டில் வேகப் பந்து வீசியவர்.

வெள்ளைக்காரர் என்றதும் பெரிய பங்களாவில் பிறந்தவர் என்று நினைத்துவிடாதீர்கள். அதுதான் இல்லை. 1904-ஆம் ஆண்டு, நாட்டிங்ஹாம்ஷயரில் நன்கார்கேட் என்ற சிற்றூரில், நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி ஒருவரின் மகனாகப் பிறந்தார். 13 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டார். 14 வயதில் சுரங்கத்துக்குள் இறங்கிவிட்டார். அங்கே நிலக்கரி வண்டிகளை மட்டக் குதிரைகள் இழுக்கும். அந்தக் குதிரைகளை ஓட்டுவதுதான் அவருக்குக் கிடைத்த வேலை. இருட்டும் கரித்தூசியும்தான் அவர் கண்ட இளமை.

அவருடைய ஊர்க்காரர் ஒருவர் முன்பே நாட்டிங்ஹாம்ஷயர் அணியில் ஆடியவர். பையனின் பந்து வீச்சைப் பார்த்து அவர்தான் வழிகாட்டினார். 18 வயதில் லார்வுட் தேர்வுக்குப் போனார். அணியில் வேலையும் கிடைத்தது. அந்த நாட்டில் பல கவுண்டிகளுக்கு, அதாவது நம் ஊர் மாவட்டம் போன்ற பிரிவுகளுக்கு, அணிகள் உண்டு. அந்த அணியில் சம்பளத்துக்கு ஆடுகிறவரைத் 'தொழில்முறை ஆட்டக்காரர்' என்பார்கள்.

உயரம் ஏறக்குறைய 5 அடி 8 அங்குலம்தான். வேகப் பந்து வீச அது அதிகமில்லை. ஆனால் ஐரிமாங்கர் என்ற பயிற்சியாளர் அவரை விடவில்லை. ஓடி வரும் முறை, பந்து விழ வேண்டிய இடம் இரண்டையும் சலிக்காமல் பழக்கினார். வேகம் பலரிடம் இருக்கும். நினைத்த இடத்தில் பந்தைப் போடும் வேகம் சிலரிடம்தான் இருக்கும். அந்தச் சிலரில் லார்வுட் ஒருவரானார். 1924-இல் கவுண்டி அணியில் முதல் ஆட்டம்; 1926-இல் இங்கிலாந்து அணியிலேயே இடம். 1929-இல் நாட்டிங்ஹாம்ஷயர் வாகை சூடியபோதும் அவர் அணியில் இருந்தார். மொத்தம் 1,427 விக்கெட்டுகள் எடுத்தார். நாட்டின் பந்து வீச்சுச் சராசரிப் பட்டியலில் ஐந்து முறை முதலிடம் பெற்றார்.

இவ்வளவு புகழ் இருந்தும், மரியாதை எப்படி இருந்தது தெரியுமா? அந்தக் காலத்தில் ஆட்டக்காரர்களை இரண்டு வகுப்பாகப் பிரித்து வைத்திருந்தார்கள். சம்பளம் வாங்காமல் ஆடுகிற வசதிக்காரர் 'கனவான்'. சம்பளத்துக்கு ஆடுகிறவர் வெறும் 'ஆட்டக்காரர்'. பல மைதானங்களில் இருவருக்கும் உடை மாற்றும் அறை வேறு, உள்ளே வரும் வாசலும் வேறு. அணித் தலைவர் பதவி பெரும்பாலும் கனவானுக்கே. தொழிலாளி சொன்னதைச் செய்ய வேண்டும். இந்தப் பிரிவினை 1962-ஆம் ஆண்டின் முடிவில்தான் ஒழிந்தது.

இனி முக்கியமான கட்டத்துக்கு வருகிறேன். 1932-33-இல் இங்கிலாந்து அணி ஆஸ்திரேலியாவுக்குப் போனது. தலைவர் டக்ளஸ் ஜார்டின். அவர் கனவான் வகுப்பு. ஆஸ்திரேலியாவின் டான் பிராட்மனை அடக்க அவர் ஒரு திட்டம் போட்டார். பந்தை மட்டையாளரின் உடம்பை நோக்கி எழும்பும்படி வீசுவது. அவர் தடுத்தால் பிடிக்கக் கால் பக்கத்தில் ஆட்களை நெருக்கமாக நிறுத்துவது. இதை நிறைவேற்றும் பொறுப்பு முக்கியமாக லார்வுட்டிடம் வந்தது. ஐந்து டெஸ்டில் 33 விக்கெட்டுகள் எடுத்தார். இங்கிலாந்து நான்குக்கு ஒன்று என்று வென்றது. அடிலெய்டு ஆட்டத்தில் ஆஸ்திரேலியத் தலைவர் வுட்ஃபுல்லின் நெஞ்சில் பந்து பட்டது. மைதானமே கொதித்தது. இரு நாட்டு வாரியங்களுக்கும் இடையே தந்திகள் பறந்தன.

அந்த முறை ஆபத்தானது. அதை நான் மூடி மறைக்க மாட்டேன். பின்னால் அதைத் தடுக்க ஏற்பாடுகளும் வந்தன. ஆனால் அடுத்து நடந்ததைக் கேளுங்கள். திட்டம் போட்ட ஜார்டின் 1933-34-இல் இந்தியாவுக்குப் போன அணிக்கும் தலைவராக இருந்தார். 1934-இல் லார்வுட்டிடம் மட்டும், "நீ மன்னிப்புக் கேட்டு எழுதிக் கொடு" என்றார்கள். கேட்டால் மறுபடியும் நாட்டுக்காக ஆடலாம். குடும்பம் இருக்கிறது, பொழைப்பு இருக்கிறது. யாராயிருந்தாலும் கை கொஞ்சம் நடுங்கியிருக்கும் அல்லவா?

லார்வுட் கையெழுத்துப் போடவில்லை. 'தலைவர் சொன்னபடி வீசினேன். நான் எதற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும்?' என்பதே அவருடைய நிலை. அதன் பிறகு அவர் இங்கிலாந்துக்காக ஒரு டெஸ்டும் ஆடவில்லை. அப்போது அவருக்கு வயது முப்பதுகூட நிறையவில்லை.

மனம் உடைந்து வீட்டில் உட்கார்ந்துவிட்டாரா? இல்லை. கடைசி டெஸ்டில் காலில் எலும்பு முறிந்திருந்ததால் பழைய வேகம் குறைந்துவிட்டது. வேகத்தைக் குறைத்து, குறியைக் கூட்டினார். 1936-இல் கவுண்டிக்காக ஆடி, 119 விக்கெட்டுகளுடன் மீண்டும் நாட்டிலேயே முதலிடம் பெற்றார். 1938-இல் ஓய்வு பெற்றார். பிறகு பிளாக்பூல் என்ற கடற்கரை ஊரில் மிட்டாய்க்கடை வைத்து நடத்தினார்.

1950-இல் அவரை வேறொரு நாடு வரவேற்றது. எந்த நாடு? அதே ஆஸ்திரேலியா! அன்று அவரை எதிர்த்து ஆடிய ஜாக் ஃபிங்கில்டனே அவர் குடியேற உதவினார். மனைவியோடும் ஐந்து பெண் பிள்ளைகளோடும் கப்பலேறினார். சிட்னியில் குளிர்பானத் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். அக்கம்பக்கத்தார் அன்போடு பழகினார்கள். 1993-இல் பிரிட்டிஷ் அரசு விருது கொடுத்தது. 1995-இல், 90 வயதில் சிட்னியில் காலமானார்.

பெற்றோர்களே, விளையாட்டை நம்பி மட்டும் பிள்ளையை விட்டுவிடாதீர்கள். உச்சத்தில் இருந்த இவருக்கே 33 வயதில் ஆட்டம் முடிந்தது. அதற்குப் பிறகு 57 ஆண்டுகள் வாழ வேண்டியிருந்தது. அந்த ஆண்டுகளுக்குக் கைகொடுப்பது படிப்பும் இன்னொரு கைத்தொழிலும்தான். ஆனால் நன்றாக ஓடுகிற பிள்ளையை, "இதெல்லாம் சோறு போடுமா?" என்று அதட்டி உட்கார வைத்துவிடவும் வேண்டாம்.

மாணவச் செல்வங்களே, கூலி வாங்கி வேலை செய்வது இழிவல்ல. வாங்கிய கூலிக்கு ஒழுங்காக உழைத்துவிட்டால், யார் முன்னாலும் நிமிர்ந்து நிற்கலாம். மற்றவர் போட்ட திட்டத்தின் பழியை உங்கள் தலையில் மட்டும் கட்ட வந்தால், "அது என்னுடையது மட்டுமல்ல" என்று பணிவாக, ஆனால் உறுதியாகச் சொல்லுங்கள். லார்வுட் அதைச் சொன்னார். அதற்கான விலையையும் கொடுத்தார். அதன் பிறகும் உழைத்தார்.

பரிசு பெறும் பிள்ளைகளுக்கு என் பாராட்டு. இந்த ஆண்டு பரிசு கிடைக்காத பிள்ளைகள் நாளையிலிருந்தே பயிற்சியைத் தொடங்குங்கள்.