தலைமேல் வந்த யந்திரம்

(சங்க மண்டபத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இன்றைய பேச்சுக்கு இப்பொருளை நான் தெரிந்தெடுக்கவில்லை. ஒரு சிறு தகராறு அதனை என்னிடம் கொண்டுவந்து சேர்த்தது. ஆண்டு விழாப் பொருட்காட்சிக்கென நமது இளைஞர் ஒருவர் தகரத்தாலும் பலகையாலும் ஒரு ஹெலிகொப்டர் மாதிரி செய்து கொண்டுவந்தார். 'மி-17' என்று வயிற்றில் எழுதியுமிருந்தார். வேலைப்பாடு மிக நன்று. ஆனால் அதனைக் கண்ட பெரியவர் ஒருவர், "தம்பி, அந்தச் சனியனை இந்த மண்டபத்துக்குள்ளே வையாதையும்" என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விட்டார். பிள்ளைக்கு முகம் வாடிப்போயிற்று. அவர் பிறந்ததே யுத்தத்தின் கடைசி வருடங்களில். பெரியவரின் கோபம் எங்கிருந்து வந்தது என்று அவருக்கு எப்படித் தெரியும்? இருவருக்கும் பொதுவாக நீர் ஏதாவது பேசும் என்று செயற்குழுவினர் என்னைக் கேட்டனர்.

முதலில் அந்த யந்திரம் எத்தகையது என்பதைப் பார்ப்போம். சோவியத் ருஷ்யாவில் மிக்கையில் மில் என்றொரு பொறியியலாளர் இருந்தார். மி என்ற எழுத்து அவர் பெயரிலிருந்து வந்ததே. அவருடைய நிலையத்தில் உருவான மி-8 முதன்முதல் 1961 இல் பறந்தது. அந்த முதல் யந்திரத்துக்கு ஒரு எஞ்சின்தான். பின்னர் இரண்டு பூட்டினார்கள்; ஒன்று நின்றாலும் மற்றது தாங்கும் என்பதற்காக. 1970 களின் நடுவில் இன்னும் பலமான எஞ்சின்கள் பூட்டி மி-17 செய்தனர். தலைமேல் சுழலும் விசிறிக்கு ஐந்து இதழ்கள். ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை ஏறக்குறைய 70 அடி. உள்ளே 24 பேர் இருக்கலாம். ஆட்களை விட்டுச் சாமான் ஏற்றினால் 4,000 கிலோ வரை கொள்ளும். நமது கணக்கிற் சொன்னால், 50 கிலோ அரிசி மூடை 80. பின்புறத்துக் கதவுகள் மட்டிச் சிப்பி போல இரண்டாகத் திறப்பதால் சிறிய ஜீப் வண்டியையும் நேரே உள்ளே ஏற்றிவிடலாம்.

வாலில் ஒரு சிறு விசிறி உண்டே, அது எதற்கு என்று பிள்ளைகள் கேட்பதுண்டு. மேலேயுள்ள பெரிய விசிறி ஒரு பக்கமாகச் சுழலும்போது உடல் எதிர்ப்பக்கமாகச் சுழலப் பார்க்கும். அதனைத் தடுத்து நேரே பிடித்துக்கொள்வது வால் விசிறியின் வேலை. அது நின்றுபோனால் வண்டி பம்பரமாகிவிடும்.

இந்த வகை யந்திரங்கள் இதுவரை 12,000 க்கு மேற்பட்டவை கட்டப்பட்டுள்ளன. உலகில் மிக அதிகமாகக் கட்டப்பட்ட ஹெலிகொப்டர் வகைகளில் இதுவும் ஒன்று. காரணம் பெரிய இரகசியமல்ல. விலை அதிகமில்லை, தூசி, பனி, வெயில் எதற்கும் அஞ்சாது, ஓடுபாதையும் வேண்டாம், ஒரு பள்ளிக்கூட மைதானம் போதும்.

அந்தப் பள்ளிக்கூட மைதானம் என்ற சொல்லிலேதான் நமது கதை தொடங்குகிறது.

1987 ஒக்டோபர் 11 ஆந் திகதி இரவு. நான் அப்போது சிறுவன். மானிப்பாயில் எங்கள் வீட்டுக் கோடியில் வெட்டிய பதுங்குகுழிக்குள் அம்மாவும் பாட்டியும் நாங்கள் மூவரும் இருந்தோம். நடுநிசிக்குப் பிறகு கிழக்குப் பக்கமாக ஒரு முழக்கம் கேட்டது. அதுவரை நாங்கள் கேட்டுப் பழகிய ஹெலிச் சத்தமல்ல. இலங்கை விமானப் படையின் பெல் 212 க்கு இரண்டே இதழ்கள். அது 'டப், டப்' என்று காற்றை அறைந்துகொண்டு வரும். இது அறையாமல் அரைத்துக்கொண்டு வந்தது. பாட்டி, "இது வேறை" என்று மட்டும் சொன்னார்.

அவர் சொன்னது சரி. அவை இந்திய விமானப் படையின் மி-8 கள். பலாலியிலிருந்து புறப்பட்டுத் திருநெல்வேலியில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மைதானத்திற் படையினரை இறக்கின. பரசூட் படைக் கொமாண்டோக்களும், சீக்கிய இலேசு காலாட்படையின் 30 பேரும் இறக்கப்பட்டனர். புலிகள் காத்திருந்தார்கள். சூடு பட்ட யந்திரங்கள் மேலும் ஆட்களைக் கொண்டுவர முடியாமற் போயிற்று. தனித்து விடப்பட்ட அந்தச் சீக்கியர் முப்பது பேரில் 29 பேர் மாண்டனர், ஒருவர் பிடிபட்டார். அடுத்த நாட்களில் அந்த அயலிலும் யாழ்ப்பாணம் முழுவதிலும் நமது சனங்கள் எத்தனையோ பேர் செத்தார்கள். அந்தப் பெயர்களை இந்தச் சபையில் நான் சொல்லத் தேவையில்லை. பலருடைய வீட்டுச் சுவரிலே படமாக இருக்கின்றன.

அதன் பின்னரும் ஹெலி நம்மை விட்டுப் போகவில்லை. 1993 இல் இலங்கை விமானப் படையும் மி-17 களை வாங்கியது. இராணுவத்துக்கு உணவும் குண்டும் ஏற்றிப் போவதும், காயப்பட்டவர்களைக் கொண்டு திரும்புவதும் அவற்றின் தொழில். நமக்கோ எல்லா ஹெலியும் ஒரே ஹெலிதான். சத்தம் கேட்டால் சோற்றுக் கோப்பையை வைத்துவிட்டு ஓடுவோம். ஆகவே, எழுந்து போன அந்தப் பெரியவரை யாரும் குறை சொல்லவேண்டாம்.

இனி மற்றப் பக்கத்தையும் சொல்லவேண்டும். 2004 டிசம்பர் 26 இல் ஆழிப்பேரலை வந்தபோது உத்தியோக நிமித்தம் திருகோணமலையில் இருந்தேன். பாலமும் தெருவும் உடைந்து கிடந்தன. மூன்றாம் நாள் ஒரு திறந்த வெளியிற் சனங்களோடு நிற்கையில் அதே அரைக்கிற சத்தம் கேட்டது. வயது வந்த மனுஷன், சொல்ல வெட்கமாயிருக்கிறது, ஓடிப்போய் ஒரு மதிலோடு ஒட்டிக்கொண்டேன். பக்கத்தில் நின்ற சிறு பையனோ கையை ஆட்டி, "சாப்பாடு வருகுது! சாப்பாடு வருகுது!" என்று துள்ளினான். வந்தது மி-17. மூடைகளை இறக்கிற்று, கால் முறிந்த ஒரு கிழவியையும் இரண்டு கைக்குழந்தைகளையும் ஏற்றிக்கொண்டு போயிற்று. மதிலை விட்டு நான் வெளியே வந்தபோது புழுதி அடங்கியிருந்தது.

உலகம் முழுவதும் இதே கதைதான். 1986 இல் செர்னோபில் அணு உலை வெடித்தபோது, எரிகின்ற உலையின் மேல் மணலும் ஈயமும் கொண்டுபோய்க் கொட்டியவை பெரும்பாலும் மி-8 களே. அவ்வாண்டு ஒக்டோபரில் ஒன்று பாரந்தூக்கியின் கம்பியில் இதழ் பட்டு விழுந்து நான்கு பேர் இறந்தனர். சைபீரியாவிலே யூடெயர் என்ற கம்பனி இவற்றை ஏராளமாக வைத்து, தெருவில்லாத எண்ணெய்க் கிணறுகளுக்கு வேலையாட்களை ஏற்றி இறக்குகிறது. நமது ஊரில் மினி பஸ் ஓடுவதுபோல. நேபாளத்து மலைகளில் வியாபாரச் சரக்கும் இவற்றிலே ஏறியிருக்கிறது.

வேடிக்கையும் உண்டு. ஆப்கானிஸ்தானில் முதலில் சோவியத் படை இதிற் பறந்தது. பின்னர் அமெரிக்கா, அந்நாட்டு விமானிகளுக்குப் பழகிய யந்திரம் இதுவே என்று கண்டு, 2011 முதல் ருஷ்யாவிடமே காசு கொடுத்து மி-17 கள் வாங்கி ஆப்கான் படைக்கு அளித்தது. 2022 இல் ருஷ்யா உக்ரேனுக்குள் புகுந்தபின், ஆப்கானுக்கென்றிருந்த சில மி-17 கள் உக்ரேனுக்குப் போய்ச் சேர்ந்தன. அந்த யுத்தத்தில் இரு பக்கத்தாரும் ஒரே குடும்பத்து ஹெலியிற் பறக்கிறார்கள். நமது இலங்கை மி-17 களும் வெள்ளைப் பூச்சுப் பூசிக்கொண்டு ஐக்கிய நாடுகள் சபையின் கீழ் 2014 முதல் மத்திய ஆபிரிக்கக் குடியரசிலும், 2015 முதல் தென் சூடானிலும் சேவை செய்திருக்கின்றன. அங்குள்ள பிள்ளைகள் அவற்றைக் கண்டு ஓடினார்களோ, கையசைத்தார்களோ.

அக்கரைத் தமிழரும் இதனை அறிவர். 2015 டிசம்பரிற் சென்னை வெள்ளத்தில் மூழ்கியபோது விமானப் படை ஹெலிகொப்டர்கள் மொட்டை மாடிகளில் உணவுப் பொட்டலம் போட்டன. 2021 டிசம்பர் 8 இல் சூலூரிலிருந்து வெலிங்டனுக்குப் போன மி-17 குன்னூருக்கருகே மூடுபனியுள் மரங்களில் மோதி எரிந்தது. முப்படைத் தலைமைத் தளபதி பிபின் ராவத்தும் அவர் மனைவியாரும் உட்பட அதிற் சென்ற 14 பேரும் இறந்தனர். ஒருவர் ஒரு வாரம் உயிரோடு போராடியபின் இறந்தார். முதலில் ஓடிப்போனவர்கள் நஞ்சப்பசத்திரம் என்ற சிற்றூரின் சாதாரண சனங்கள். குடத்திலும் வாளியிலும் தண்ணீர் அள்ளி ஊற்றினார்கள். வீட்டுக் கம்பளிகளைக் கொடுத்தார்கள். உள்ளே இருப்பவர் தளபதியோ சிப்பாயோ என்று அவர்கள் விசாரிக்கவில்லை.

2013 ஜூனில் கேதார்நாத் வெள்ளத்தில் யாத்திரிகர்களை மீட்கப் போன மி-17 ஒன்றும் விழுந்து 20 பேர் மாண்டார்கள். கைலாச யாத்திரைக்கும் கேதார யாத்திரைக்கும் போய்வந்த அடியார்கள் இச்சபையில் இருக்கிறீர்கள். அந்த மலைப்பாதையை நீங்கள் அறிவீர்கள். நான் படத்திலேதான் பார்த்திருக்கிறேன்.

இப்போது பொருட்காட்சி விஷயத்துக்கு வருகிறேன். மாதிரி இருக்கலாமா, கூடாதா என்பது செயற்குழுவின் முடிவு. என் வாக்கைக் கேட்டால், இருக்கட்டும். ஆனால் இப்போது அதன் முன்னே வைத்திருக்கும் அட்டையில் வேகமும் பாரமும் மாத்திரம் எழுதியிருக்கிறது. அதன் கீழே 1987 என்றும் பல்கலைக்கழக மைதானம் என்றும் எழுதவேண்டும். 2004 என்றும் எழுதவேண்டும். முதலாவது வரியை என்ன சொற்களில் எழுதுவது என்று தம்பி அந்தப் பெரியவர் வீட்டுக்குப் போய்க் கேட்டு எழுதிவரட்டும். அவர் வீடு பக்கத்துத் தெருவிலேதான். துணைக்கு வேண்டுமானால் நானும் வருகிறேன்.

இன்னுமொன்று, தம்பி. வயிற்றில் மி-17 என்று எழுதிவிட்டு வால் விசிறியை வலப்பக்கத்திற் பூட்டியிருக்கிறீர். மி-8 க்குத்தான் அது வலப்பக்கம். மி-17 க்கு இடப்பக்கம். திறப்பு விழாவுக்கு இன்னும் நாலு நாள் இருக்கிறது, கழற்றி மாற்றிவிடும்.